பந்து போடும் ஐயர்

என் கணவர் ஒரு போதகர். தென்மாவட்டத்துக் கிறிஸ்தவர்கள் போதகரை ஐயர் என்பார்கள். போதகரின் மனைவி ஐயரம்மா. எங்கள் ஊர்ப்பக்கம் இதில் யாருக்கும் குழப்பம் வந்ததில்லை. மீன் வாங்கப் போனால், “ஐயரம்மாவுக்கு நல்ல சீலாவாப் பாத்துப் போடுல” என்று மீன்காரரே ஆளை விரட்டுவார். திருப்பூருக்கு மாற்றலாகி வந்த பிறகுதான் அந்தச் சொல்லுக்கு வேறொரு பிழைப்பும் உண்டு என்று எனக்கு உறைத்தது. இங்கே ஐயர் என்றால் பூணூல் போட்டவர், கோயிலில் மணி ஆட்டுகிறவர், வெங்காயத்தைக் கூட யோசித்துச் சாப்பிடுகிறவர்.

எங்கள் சபைக்குச் சொந்தமாகக் குருமனை கிடையாது. போதகர் குடும்பம் வாடகை வீட்டில்தான் இருக்க வேண்டும். சபையார் ஒருவர் திருமுருகன்பூண்டிப் பக்கம் ஒரு பனியன் கம்பெனியில் டெய்லர். அவர் தன் முதலாளியிடம் போய், “எங்க ஐயருக்கு ஒரு வீடு வேணும்” என்று கேட்டிருக்கிறார். பலரையும் திருப்பி அனுப்பிய அந்த முதலாளி, சொல் வாயிலிருந்து விழுந்ததும் சாவியை எடுத்து நீட்டிவிட்டார். நாங்கள் சாமான்களோடு வந்து இறங்கியபோது வாசலில் கோலம் போட்டு, வாழைமரமும் கட்டியிருந்தது.

“ஐயரு குடியிருந்தா ஊடே வெளங்கும்ங்க சாமி” என்று வீட்டுக்காரரான அந்த முதலாளி கைகூப்பினார். என் கணவர் உருகிப்போனார். பிற மதத்தவரிடம் இவ்வளவு அன்பை அவர் எங்குமே கண்டதில்லையாம். அன்று ராத்திரி ஜெபத்தில் வீட்டுக்காரருக்கு மட்டும் தனியாக ஒரு பத்தி போனது.

அந்த வார இறுதியில் நான் நெத்திலிக் கருவாடு வறுத்தேன். வீட்டுக்காரர் கேட்டுக்கு வெளியே வந்து நின்றார். மூக்கு ஒன்றைச் சொல்ல, மரியாதை வேறொன்றைச் சொல்ல, கொஞ்ச நேரம் தத்தளித்தார்.

“ஏனுங்க அம்மிணி, உள்ள மருந்து ஏதாச்சும் காய்ச்சறீங்களாட்ட இருக்குதுங்க?”

“மருந்து இல்லீங்க. கருவாடு.”

“ஓ. வேலைக்காரங்களுக்குங்களா?”

“இல்லீங்க. ஐயருக்குத்தான்.”

அவர் முகத்தில் ஒரு பெரிய கட்டடம் மெதுவாகச் சரிந்தது. ஆனால் கொடுத்த வாக்கைக் கருவாட்டுக்காகத் திரும்பப் பெறுகிற ஆள் அவர் இல்லை. “நல்லதுங்க, சாப்புடுங்க” என்று சொல்லிவிட்டுப் போனார். அதன் பிறகு எங்களை முழுதாகப் புரிந்துகொண்டார். கிறிஸ்துமஸ் கேக்கையும் ஆசையாகச் சாப்பிட்டார். ஆனால் என் கணவரைக் கூப்பிடுவது மட்டும் மாறவில்லை. சபையார் எல்லோரும் ஐயர் என்கிறபோது அவர் மட்டும் வேறு எப்படிச் சொல்வார்? ஐயர் சாமி என்றே அழைத்து வந்தார். அதைத் திருத்துவதற்கு என் கணவருக்கு நான்கு வருடம் அவகாசம் இருந்தது. திருத்தவில்லை. அவருக்கு அது பிடித்திருந்தது.

நான் வேறொரு கம்பெனியில் தரப் பரிசோதனையில் இருக்கிறேன். எண்ணெய்க் கறை, ஊசி ஓட்டை, விட்டுப்போன தையல், கோணிப்போன கழுத்துப்பட்டி ஆகியவற்றைத் தேடிப் பிடித்து ஸ்டிக்கர் ஒட்டி ஓரம்கட்டுவது என் தொழில். கணவருக்கு மன்னிப்பது தொழில். ஒரே வீட்டில் இரண்டும் நடப்பதால் எங்கள் குடும்பம் சமநிலையில் இருப்பதாக வெளியே இருப்பவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள்.

வந்த முதல் மாதமே அவர் கிரிக்கெட் ஆடத் தொடங்கிவிட்டார். வாலிபர்களைச் சபைக்குள் கொண்டுவர அது ஒரு வழி என்றார். வாலிபர்கள் சபைக்குள் வரவில்லை. போதகர்தான் மைதானத்துக்குள் போனார். மைதானம் என்று மரியாதைக்குச் சொல்கிறேன். மூடிப்போன ஒரு சாயப்பட்டறைக்குப் பின்னால் வீட்டுக்காரருக்கு இருந்த காலிமனை அது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அங்கே சுற்றுவட்டாரக் கம்பெனிப் பையன்கள் கூடுவார்கள். தூத்துக்குடிக்காரன் “போடுவே” என்பான், உள்ளூர்க்காரன் “போடுங்ணா” என்பான், பீகார்க்காரன் இந்தியில் ஏதோ சொல்வான். மூவருக்கும் பொதுவாக என் கணவர் டென்னிஸ் பந்தை வைத்துக்கொண்டு மெதுவாகச் சுழற்றிப் போடுவார். ரொம்ப தூரம் ஓடி வந்து ரொம்ப மெதுவாகப் போடுவது அவருடைய பாணி. ஆட்டக்காரனை ஏமாற்றும் தந்திரம் என்று அதற்கு விளக்கம் சொல்வார். முழங்கால் என்பது எனக்குத் தெரியும்.

இதற்கெல்லாம் காரணமான மனிதர் எங்கள் முன்னறைச் சுவரில் இருந்தார். நெஞ்சு வரை தாடி, தலையில் சின்னத் தொப்பி, கையில் மட்டை. விக்டோரியா ராணி காலத்து இங்கிலாந்தில் ஏதோ ஒரு கிராமத்துப் பாதிரியார். இறையியல் கல்லூரி நூலகத்தில் என் கணவர் கண்டெடுத்த அவருடைய வாழ்க்கை வரலாறுதான், அந்த நூலகத்தில் இவர் கடைசிப் பக்கம் வரை படித்த ஒரே புத்தகம் என்பது என் அனுமானம். அதிலிருந்த படத்தைப் பெரிதாக்கிச் சட்டம் போட்டு, மாற்றலாகிப் போன ஊருக்கெல்லாம் தூக்கிக்கொண்டு வந்தார். சபையார் அதை ஏதோ ஒரு பழைய மிஷனரி என்று நினைத்து வணங்கிவிட்டுப் போவார்கள். கையில் இருப்பது துடுப்பு என்றும், அந்தக் காலத்தில் கடல் கடந்து வந்தவர் அல்லவா என்றும் ஒரு பாட்டையா எனக்கே விளக்கியிருக்கிறார்.

அந்தப் பாதிரியாரின் வாழ்க்கை எனக்கு மனப்பாடம். நல்ல குடும்பத்தில் பிறந்தார். நல்ல கல்லூரியில் வேதத்தைக் கொஞ்சமும் கிரிக்கெட்டை நிறையவும் கற்றார். பசுமையான ஒரு சபை கிடைத்தது. வாரநாட்களில் தன் மாவட்ட அணிக்குப் பந்து போட்டார், ஞாயிற்றுக்கிழமை பிரசங்கம் செய்தார். தோள் வலித்த வாரங்களில் பிரசங்கம் சுருக்கமாக இருக்கும். ஜனங்கள் அவரை உயிராக நேசித்தார்கள். ஒருமுறை மதிய இடைவேளையில் ஓடிப்போய் ஒரு கல்யாணத்தை நடத்திவைத்துவிட்டு, தாலிக்குப் பதில் மோதிரம் போடவைத்த கையோடு திரும்பி வந்து மூன்று பேரை அவுட் ஆக்கினாராம். கடைசிவரை ஒரு காசு வாங்காமல் ஆடினார். வயதாகி, ரோஜாச் செடிகளுக்கு நடுவே, எல்லோராலும் மதிக்கப்பட்டு இறந்தார்.

அவருக்கு ஒன்பது பிள்ளைகள். மனைவியின் பெயர் புத்தகத்தில் இல்லையாம். வெள்ளைக் கால்சட்டையில் பட்ட புல் கறை எப்படிப் போனது என்பதும் இல்லையாம். இரண்டு தகவலும் ஒரே இடத்தில்தான் இருந்திருக்கும்.

ஒருநாள் வீட்டுக்காரர் அந்தப் படத்தின் முன்னால் நின்று விசாரித்தார். என் கணவருக்கு இதைவிடப் பெரிய சந்தர்ப்பம் வேண்டுமா? முழு வாழ்க்கையையும் சொன்னார். “அவர் ஒரு அமெச்சூர்ங்க” என்று முடித்தார்.

“அப்படின்னா என்னங்க சாமி?”

“சம்பளம் வாங்காம ஆடுறவங்க.”

“செரிங்க. பீஸ் ரேட்டுங்களா?”

“இல்லீங்க. பீஸ் ரேட், ஷிப்ட் எதுவுமே இல்லை. பிரியத்துக்காக ஆடுறது.”

வீட்டுக்காரர் தாடியை மறுபடி ஒருமுறை உற்றுப் பார்த்தார். முப்பது தையல் மெஷின்களுக்கு முதலாளி அவர். பிரியத்துக்காக யாரும் ஒரு கைப்பகுதியைக் கூடத் தைத்து அவர் பார்த்ததில்லை.

“கடைசி வரைக்குமே ட்ரெய்னிங்லயே வச்சிருந்துட்டாங்கன்னு சொல்லுங்க” என்றார் வருத்தமாக. “பாவம்ங்க, இந்த வயசுல.”

பிரச்சினை வெளியாரிடமிருந்து வரவில்லை. எங்கள் சபைக் கமிட்டிச் செயலரிடமிருந்து வந்தது. அவர் திருநெல்வேலிப் பக்கத்துக்காரர். பெரிய கம்பெனி ஒன்றில் கட்டிங் மாஸ்டர். துணியை எவ்வளவு நேராக வெட்டுவாரோ, பேச்சையும் அவ்வளவு நேராக வெட்டுவார். ஓய்வுநாளில் போதகர் அரைக்கால் சட்டையோடு ஓடுவது சபைக்கு இழுக்கு என்று கமிட்டியில் எழுந்து சொன்னார்.

“அங்கிய கழத்தி வச்சிட்டு பந்து பொறுக்கப் போறது ஐயருக்கு அழகா? ஓய்வுநாளுன்னு ஒண்ணு எதுக்கு இருக்கு?” என்றார்.

ஓய்வுநாளைப் பற்றி அவருக்கு உறுதியான கொள்கை இருந்தது. அவருடைய கம்பெனியில் ஷிப்மென்ட் இருக்கும் வாரம் மட்டும் ஓய்வுநாள் தானாகவே வேறு கிழமைக்கு நகர்ந்துகொள்ளும்.

என் கணவர் சிரித்துக்கொண்டே விக்டோரியா காலத்துப் பாதிரியாரை மேற்கோள் காட்டினார். அது எடுபடவில்லை. “வெள்ளைக்காரன் சொகுசுக்கு ஆடுவான், நமக்கு என்ன?” என்று கேள்வி வந்தது. முடிவில், போதகரை உடனே வேறு சபைக்கு மாற்றும்படி பேராயருக்கு ஒரு மனு போனது.

இங்கே நான் சிரிப்பதை நிறுத்தினேன். எங்கள் மகள் அப்போது பிளஸ் டூ. வழக்கமான மாற்றல் என்றால் மே மாதத்தில் வரும், பரீட்சை முடிந்திருக்கும். உடனே மாற்றல் என்றால் அக்டோபர், நவம்பரில் வரும். பாதி வருடத்தில் பிளஸ் டூ பிள்ளையை எந்தப் பள்ளிக்கூடம் சேர்க்கும்? அவளை ஹாஸ்டலில் விடலாம் என்று யாரோ சுலபமாகச் சொன்னார்கள். போன வருடம்தான் ஒரு நீண்ட காய்ச்சலிலிருந்து அவளை மீட்டிருந்தோம். இரவில் எழுந்து அவள் நெற்றியைத் தொட்டுப் பார்க்கும் பழக்கம் என்னை இன்னும் விடவில்லை. அவள் இங்கேயே, இந்த வீட்டிலிருந்தே பரீட்சை எழுதவேண்டும். எனக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

கோயம்புத்தூரிலிருந்து மூத்த ஆயர் ஒருவர் விசாரணைக்கு வருவார் என்று தகவல் வந்தது. ஆயுத பூஜைக்கு அடுத்த வாரம். நான் கணவரை உட்கார வைத்துப் பேசினேன்.

“விசாரணை முடியறவரைக்கும் மைதானத்துப் பக்கம் தலைவச்சுப் படுக்கக் கூடாது.”

“சரி.”

“சரின்னா சரிதானா?”

“சரிதான்மா.”

அவர் வாக்குத் தவறவில்லை. அதை நான் பதிவு செய்துவிட வேண்டும். ஆயுத பூஜை அன்று வீட்டுக்காரர் சுற்றுவட்டாரக் கம்பெனிகளுக்கு ஒரு போட்டி வைத்திருந்தார். தன் அணியில் ஐயர் சாமி ஆட வேண்டும் என்று கேட்டார். மறுக்க வேண்டியதுதானே? ஆனால் நான்கு வருடத்தில் என் கணவர் இந்த ஊர் மரியாதையை நன்றாகப் பழகியிருந்தார். இங்கே யாரும் முடியாது என்று சொல்வதில்லை. “பாக்கலாம்ங்க” என்பார்கள். இவரும் “பாக்கலாம்ங்க” என்றார். முடியாது என்ற அர்த்தத்தில்தான் சொன்னாராம். வீட்டுக்காரரோ, இவர் தென்மாவட்டத்துக்காரர் அல்லவா, நேராகத்தான் பேசுவார், சொன்னால் சொன்னதுதான் என்று எடுத்துக்கொண்டார். இருவரும் ஒருவர் வழக்கத்தை ஒருவர் மதித்ததால் வந்த வினை.

அவர் ஃபிளெக்ஸ் கடைக்குப் போன் செய்து, காலையில் பூஜை, பிறகு மேட்ச், ஐயர் முதல் பந்து போடுவார், ஐயர் போட்டோவும் பெரிதாக இருக்கட்டும் என்று சொல்லியிருக்கிறார். வாட்ஸ்அப்பில் ஒரு படத்தையும் அனுப்பியிருக்கிறார். என் கணவர் வெள்ளை அங்கியில், கைகளை விரித்து ஆசீர்வாதம் கூறும் படம்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆராதனைக்கு நாங்கள் ஸ்கூட்டரில் போனோம். பல்லடம் ரோட்டு முக்கில் கணவர் பிரேக் போட்டார். நான் அவர் முதுகில் மோதினேன்.

பத்தடி உயரத்தில் அவர் நின்றுகொண்டிருந்தார். இடது பக்கம் விநாயகர், வலது பக்கம் தையல் மெஷின், நடுவில் இவர். கீழே, ‘ஐயர் அவர்கள் பூஜை செய்து, முதல் பந்தை வீசித் துவக்கி வைப்பார்.’ நெற்றியில் மூன்று பட்டையாகத் திவ்யமான விபூதி. நடுவில் ஒரு குங்குமப் பொட்டு.

நான் அவர் பின்னந்தலையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். காது இரண்டும் சிவந்திருந்தது.

“நல்லாத்தான் இருக்கு” என்றேன். “முகத்துக்கு எடுப்பா இருக்கு.”

சபையார் எல்லோரும் அதே ரோட்டில்தான் வரவேண்டும். அன்று ஆராதனையில் ஒருவரும் பிரசங்கத்தைக் கேட்கவில்லை. எல்லோரும் போதகரின் நெற்றியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். படம் அதற்குள் போனில் தூத்துக்குடி வரை போய்விட்டது. என் மாமியார் அங்கிருந்து கூப்பிட்டு, மகனை யாராவது மிரட்டினார்களா என்று அழுதார்.

மத்தியானமே வீட்டுக்காரர் ஃபிளெக்ஸ் கடைக்காரரைக் கையோடு அழைத்து வந்துவிட்டார். கடைக்காரர் உண்மையிலேயே நொந்துபோயிருந்தார்.

“ஐயர்னு சொன்னாங்க, பூஜைன்னு சொன்னாங்க. போட்டோவப் பாத்தா சாமி நெத்தி வெறிச்சுன்னு இருந்துச்சுங்க. அவசரத்துல பூச மறந்துட்டாங்களாட்ட இருக்குதுன்னு நானே போட்டு உட்டனுங்க. அதுக்குத் தனியா ஒண்ணும் கேக்கலீங்க.”

“தப்பு எம்மேலதானுங்க அம்மிணி” என்றார் வீட்டுக்காரர். “இன்னிக்கே சரிபண்ணிப் போடறனுங்க.”

சரிபண்ணினார். விளம்பரத்தை இறக்கினால் விநாயகருக்கு மரியாதைக் குறைவு என்பதால், ஏணி வைத்து விபூதியின் மேல் மட்டும் வெள்ளை பெயின்ட் அடிக்கச் சொன்னார். சாயங்காலம் பார்த்தபோது என் கணவர் தலையில் கட்டுப்போட்டுக்கொண்டு, இரத்தம் இலேசாகக் கசிய, கூட்டத்தை ஆசீர்வதித்துக்கொண்டிருந்தார். குங்குமம் பெயின்ட்டை மீறித் தெரிந்தது. அதன் பிறகு அடி எப்படிப் பட்டது என்று விசாரித்தும் ஆட்கள் வந்தார்கள்.

ஆயுத பூஜை அன்று கணவர் எங்கும் போகவில்லை. சுவரில் இருந்த தாடிப் பாதிரியாரின் முன்னால் உட்கார்ந்து பகல் முழுவதும் பழைய பேப்பர் படித்தார். காலிமனையிலிருந்து சத்தம் கேட்கும்போதெல்லாம் பக்கத்தைத் திருப்பினார். மனது கஷ்டமாகத்தான் இருந்தது. ஆனாலும் நான் ஆறுதல் சொல்லவில்லை. அவரை நல்ல தூரத்தில் வைத்திருந்தேன்.

அதற்கடுத்த நாள் மாலை கமிட்டிச் செயலர் வீட்டுக்கு வந்தார். நாற்காலியின் விளிம்பில் உட்கார்ந்தார். காப்பியைத் தொடவில்லை.

“ஐயரம்மா, ஊருல நமக்குத் தலைகாட்ட முடியலை. நம்ம சபை ஐயரு விபூதி பூசி பூசை வைக்காராம்னு எங்க மச்சினன் கேக்கான். பெரிய ஐயா வந்து இதத்தான் மொதல்ல கேப்பாவ. என்ன சொல்லப் போறிய?”

“உண்மையைத்தான் அண்ணாச்சி. பூஜைக்கு ஒத்துக்கலை.”

“அப்ப எதுக்கு போட்டோ போட்டாவன்னு கேப்பாவள்லா?”

“ஆமா, கேப்பாங்க.”

அவர் சட்டைப் பித்தானைத் திருகினார். அந்த நேர்கோட்டு மனிதருக்கு அடுத்த வாக்கியம் வளைந்து வளைந்து வந்தது.

“கிரிக்கெட்டுக்குத்தான்னு சொல்லிருங்க. வாராவாரம் ஆடுதவரு, அதுக்குத்தான் கூப்பிட்டாவன்னு அடிச்சுச் சொல்லிருங்க. நானும் சொல்லுதேன்.”

“மனுவிலேயும் அதைத்தானே சொல்லியிருக்கீங்க அண்ணாச்சி?”

“அது வேற” என்றார். காப்பியை ஒரே மடக்கில் குடித்துவிட்டு எழுந்து போனார்.

மூத்த ஆயர் ஒரு வெள்ளிக்கிழமை மாலை வந்தார். கனத்த சரீரம், வெள்ளை அங்கி, கண்ணாடிக்கு மேலாகப் பார்க்கும் கண்கள். முன்வாசலில் நாற்காலிகள் போட்டோம். செயலர் வந்தார். கூப்பிடாமலே வீட்டுக்காரரும் ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு வந்து சேர்ந்தார். மகள் உள்ளறையில் ஜன்னலோரம் இயற்பியல் படித்துக்கொண்டிருந்தாள். அன்று எதற்காக இத்தனை பேர் என்று அவளுக்குத் தெரியும். எதுவும் கேட்கவில்லை. சாப்பிடவும் இல்லை.

மூத்த ஆயர் போனில் படத்தை எடுத்து எல்லோருக்கும் காட்டினார்.

“இது என்னங்க ஐயா?” என்று என் கணவரைக் கேட்டார்.

“கிரிக்கெட்டுக்குக் கூப்பிட்டாங்கய்யா. நான் போகலை.”

“கிரிக்கெட்டுதான் ஐயா” என்றார் செயலர் அவசரமாக. “வேற ஒண்ணுமில்ல.”

“ஆமாங்க சாமி” என்றார் வீட்டுக்காரர். “ஐயர் சாமி பந்து போட்டாருன்னா பந்து பாம்பாட்ட திரும்புமுங்க.”

மூத்த ஆயர் ஒவ்வொருவராகப் பார்த்தார். “எல்லாரும் கிரிக்கெட்டு கிரிக்கெட்டுங்கிறீங்க. செயலர் கிரிக்கெட்டுல குத்தம் கண்டுபிடிச்சு எழுதின மனு எங்கிட்ட இருக்கு. இப்ப அவரே கிரிக்கெட்டுக்குச் சாட்சி. எனக்கு என்னமோ எல்லாரும் சேர்ந்து பூஜைய மூடி மறைக்கிற மாதிரி இருக்கு.” என் கணவரின் வயிற்றைப் பார்த்தார். அதில் சந்தேகம் வலுத்ததை நான் கண்டேன். “நீங்க நெசமாவே பந்து போடுவீங்களா?”

“போடுவேன்யா.”

“போடுங்க பாப்போம்.”

அவர் எழுந்து அங்கியைத் தூக்கி இடுப்பில் செருகினார். இறையியல் கல்லூரியில் தானும் ஆடியவர்தான், மட்டை இருக்கிறதா என்றார். மட்டை இருந்தது. ஸ்டம்புக்குக் காலித் தண்ணீர் கேன் ஒன்றை வைத்தோம். செயலர் செங்கல்லால் தரையில் ஒரு கோடு கிழித்து, பந்து போடும் முனையில் நடுவராக நின்றார்.

கணவர் கேட் வரை பின்னால் போனார். பந்தைக் கையில் உருட்டியபடி என்னைப் பார்த்தார். பெரியவர் அடிக்கிறமாதிரி ஒன்றைப் போட்டால் அவர் குளிர்ந்துபோவார், ஆனால் இந்த ஆளுக்குப் பந்து போட வராது, கூப்பிட்டது பூஜைக்குத்தான் என்றும் முடிவு கட்டிவிடுவார். ஒழுங்காகப் போட்டு அவரை அவுட் ஆக்கினாலோ, விசாரணைக்கு வந்தவரை எங்கள் வீட்டு வாசலிலேயே வைத்துக் கவிழ்த்தது போல் ஆகும். இரண்டில் எது பிள்ளையின் வருடத்தைக் காப்பாற்றும்? இரண்டு பிழையில் எது பெரியது என்று பார்த்தே பழகியவள் நான். அன்று எனக்குப் பிடிபடவில்லை. சும்மா கையை மட்டும் தாழ்த்தி, மெதுவாக, என்று சைகை காட்டினேன்.

மெதுவாகத்தான் போட்டார். அது அவருடைய வழக்கம். ஓடி வந்தார், முழங்கால் ஒருமுறை சொடுக்கியது, பந்து மேலே எழும்பி, யோசித்து, இறங்கியது. மூத்த ஆயர் காலை முன்னால் வைத்து, ஞானஸ்நானத் தொட்டியைத் தூக்குகிறவர் போல மட்டையைப் பெரிதாக வீசினார். பந்து தரையில் பட்டு உள்ளே திரும்பி அவரது கால்களுக்கு நடுவே புகுந்து கேனைத் தள்ளியது. கேன் கீழே விழுந்து உருண்டு, வாழைப்பழச் சீப்பில் போய் நின்றது.

வீட்டுக்காரர் பழத்தை எடுத்து ஓரமாக வைத்தார்.

“நான் தயாராவே இல்லை” என்றார் மூத்த ஆயர். “அது நோ பால்.” செயலர் பக்கம் திரும்பினார். “என்ன சொல்லுறீங்க? காலு கோட்டைத் தாண்டிச்சில்ல?”

செயலர் என்னைப் பார்த்தார். என் கணவரைப் பார்த்தார். நோ பால் என்ற ஒரு சொல் போதும். பெரியவர் மனம் குளிரும், இவர் அனுப்பிய மனு உயிரோடு இருக்கும். அவர் குனிந்து கோட்டைப் பார்த்தார். வெட்டுவதற்கு முன் துணியில் விழுந்த சாக்குக்கட்டிக் கோட்டைப் பார்ப்பது போலப் பார்த்தார்.

“இல்ல ஐயா. காலு உள்ளதான் இருந்திச்சு. நல்ல பால்.”

“நல்லாப் பாத்தீங்களா?”

“நாலு வருசமாப் பாக்கேன் ஐயா. இவரு ஒரு நோ பால் போட்டு நான் பாத்ததில்ல.”

சொல்லி முடித்த பிறகுதான் தான் என்ன சொன்னோம் என்று அவருக்குத் தெரிந்தது. மூத்த ஆயர் மட்டையைத் தோளில் சாய்த்துக்கொண்டார்.

“வாராவாரம் பாத்தீங்களா? மனுவுல ‘கேள்விப்பட்டேன்’னு எழுதியிருக்கீங்க.”

“மதில் ஓரமா நின்னு பாப்பாருங்க சாமி” என்றார் வீட்டுக்காரர், உதவி செய்கிற எண்ணத்தில். “உள்ள வாங்கன்னா வரமாட்டாருங்க. ஐயர் சாமி கேட்ச உட்டாருன்னா மட்டும் சத்தம் கேக்குமுங்க.”

செயலர் செங்கல் துண்டைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார். மூத்த ஆயரின் வயிறுதான் முதலில் குலுங்கியது. பிறகு தோள். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

“இவர் பூஜை பண்ணலை” என்றார். “பூஜை பண்ணுற ஆளா இருந்தா பந்துல இந்த அளவு குறுக்குப்புத்தி வராது. பேராயர்கிட்ட நான் பேசிக்கிறேன். பிள்ளை எந்தக் கிளாஸ்?”

“பிளஸ் டூங்கய்யா” என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. மறுபடி சொன்னேன்.

“அப்ப மே மாசம் பாத்துக்கலாம். அதுவரைக்கும் இங்கயே இருங்க. ஆடுறதுன்னா ஆடுங்க. ஆனா எல்லாரும் பாக்குற மாதிரி ஆடுங்க, மதில் ஓரமா நிக்கிறவங்களையும் உள்ள கூப்பிட்டுக்குங்க.” மட்டையை மறுபடி தரையில் தட்டினார். “கேனை நிமித்தி வைங்க. இன்னொன்னு போடுங்க.”

இன்னொன்றும் போட்டார். அதையும் பெரியவர் தொடவில்லை. மூன்றாவது, நான்காவது என்று போயிற்று. செயலர் கொஞ்சம் கொஞ்சமாகத் தன் குரலை மீட்டுக்கொண்டு, “முன்னால வந்து ஆடுங்கய்யா, முன்னால வந்து” என்று சொல்லித்தர ஆரம்பித்தார். வீட்டுக்காரர் வேட்டியை மடித்துக் கட்டி வேலியோரம் பீல்டிங் நின்றார். நான் படியில் உட்கார்ந்தேன். நின்றால் அழுதுவிடுவேன் போலிருந்தது. நான்கு பெரிய மனிதர்கள் ஒரு தண்ணீர்க் கேனைச் சுற்றி ஓடுவதைப் பார்த்து ஒருத்தி அழுதாள் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது.

உள்ளிருந்து ஜன்னல் திறந்தது.

“அப்பா, கொஞ்சம் மெதுவாக் கத்துங்களேன். எனக்கு நாளைக்கு டெஸ்ட்.”

“டெஸ்ட்டா?” என்று மூத்த ஆயர் மட்டையை உயர்த்தினார். “அப்ப அஞ்சு நாளைக்கு ஆடலாம்.”

அவள் ஜன்னலைச் சாத்திக்கொண்டாள். கொஞ்ச நேரம் கழித்து உள்ளே போனேன். புத்தகத்தை விட்டுத் தலை நிமிராமல், “சாப்பிட என்னம்மா இருக்கு?” என்றாள்.